கொலையாளியைப் பிடிக்க எத்தனை பேர் வேண்டும்?

க்ளூடோ ஒரு துப்பறியும் பலகை ஆட்டம். மூன்று பேர் ஆடும் க்ளூடோ வேறு, ஆறு பேர் ஆடும் க்ளூடோ வேறு. பலகையும் சீட்டும் அதேதான், ஆட்டம்தான் மாறிவிடுகிறது.

இரண்டாம் உலகப் போருக்கு முந்தைய இங்கிலாந்தில் கிராமத்து விடுதிகளுக்கு வார இறுதியில் வந்து தங்கும் வசதியான விருந்தாளிகளுக்கு ஒரு விளையாட்டில் மோகம் இருந்தது. அவர்களில் ஒருவர் கொலைகாரர், ஒருவர் பிணம், மற்ற எல்லோரும் துப்பறிவாளர்கள். அலறல் சத்தம், இருட்டு, ஓட்டம், விசாரணை என்று விடுதியே அமளிப்படும். அப்படிப்பட்ட விடுதிகளில் பியானோ வாசித்துக்கொண்டிருந்தவர் அந்தோணி பிராட். போர் வந்தது. விருந்துகள் நின்றன. பிராட் பர்மிங்காம் பக்கம் தொழிற்சாலை வேலைக்குப் போனார். குண்டுவீச்சுக்குப் பயந்து விளக்கணைத்துக் கிடந்த அந்த இரவுகளில், அமளியெல்லாம் நிறைந்த அந்த விளையாட்டை ஒரு மேசை மேல் அடக்க முடியுமா என்று யோசித்தார். மாளிகையின் வரைபடத்தைப் பலகையில் வரைந்து கொடுத்தவர் அவர் மனைவி எல்வா.

1944 டிசம்பரில் காப்புரிமைக்கு விண்ணப்பித்தார்கள், 1947-ல் கிடைத்தது. லீட்ஸ் நகரத்து வாடிங்டன்ஸ் நிறுவனம் ஆட்டத்தை ஏற்றுக்கொண்டாலும், போருக்குப் பிந்தைய மூலப்பொருள் தட்டுப்பாட்டால் க்ளூடோ கடைக்கு வந்தது 1949-ல்தான். அமெரிக்காவில் பார்க்கர் பிரதர்ஸ் அதையே 'க்ளூ' என்று விற்றது.

பிராட் முதலில் வகுத்த ஆட்டத்தில் 10 பாத்திரங்கள் இருந்தார்கள். துப்பாக்கி அறை, நிலவறை என்று கூடுதல் அறைகளும் இருந்தன. நிறுவனம் எல்லாவற்றையும் செதுக்கியது. மிஸ் ஸ்கார்லெட், கர்னல் மஸ்டர்ட், மிஸஸ் ஒயிட், ரெவரண்ட் கிரீன், மிஸஸ் பீகாக், புரொபசர் பிளம் என ஆறு பேர்; ஆறு ஆயுதங்கள்; ஒன்பது அறைகள். பெரும்பாலான பதிப்புகளின் பெட்டியில் ‘3 முதல் 6 பேர்' என்று அச்சிட்டிருக்கும். அதைப் பார்த்துவிட்டு, மூன்றானால் என்ன, ஆறானால் என்ன என்று உட்கார்ந்துவிடுகிறோம். ஆனால் தலை கூடக் கூட, ஒவ்வொருவருக்கும் தெரிந்தது எவ்வளவு, அது எந்த வழியாக வருகிறது என்ற இரண்டுமே மாறுகின்றன. வெல்பவரின் குணமும் அதனோடு மாறுகிறது.

பதினெட்டுச் சீட்டுகளின் கணக்கு

மொத்தம் 21 சீட்டுகள். கொலையாளி ஒன்று, ஆயுதம் ஒன்று, அறை ஒன்று என மூன்று சீட்டுகள் யாரும் பார்க்காமல் உறைக்குள் போகின்றன. அவை எவை என்று கண்டுபிடிப்பதுதான் ஆட்டம். மீதி 18 சீட்டுகளும் ஆட்டக்காரர்களுக்குப் பகிரப்படுகின்றன. ஒரு அறைக்குள் நுழைந்தவர், “இந்த அறையில், இந்த ஆள், இந்த ஆயுதத்தால்” என்று சந்தேகத்தைச் சொல்வார். அவருக்கு இடப்பக்கம் இருப்பவரிடம் அந்த மூன்றில் ஒரு சீட்டு இருந்தால், கேட்டவருக்கு மட்டும் ரகசியமாகக் காட்ட வேண்டும். இல்லையென்றால் கேள்வி அடுத்தவருக்குப் போகும். யாராவது ஒரு சீட்டைக் காட்டியதும் அந்தக் கேள்வி முடிந்தது.

ஆறு, ஆறு, ஒன்பதைப் பெருக்கினால் 324. வெளியிலிருந்து பார்ப்பவருக்கு இத்தனை விதமாகக் கொலை நடந்திருக்கலாம். கையில் சீட்டு வந்ததும் இந்த எண் சரிகிறது. எவ்வளவு சரிகிறது என்பது எத்தனை பேர் ஆடுகிறீர்கள் என்பதைப் பொறுத்தது. ஆறு பேர் ஆடும்போது ஒருவருக்கு மூன்று சீட்டுகள். வகைக்கு ஒன்றாக வந்தால் மிஞ்சுவது ஐந்து ஆட்கள், ஐந்து ஆயுதங்கள், எட்டு அறைகள். அதாவது 200 வழிகள். மூன்று பேர் ஆடினால் ஆளுக்கு ஆறு சீட்டுகள். வகைக்கு இரண்டாக வந்தால் 112 வழிகள்தான். இருவர் மட்டும் ஆடினால் ஆளுக்கு ஒன்பது. வகைக்கு மூன்று என்றால் வெறும் 54.

இந்தக் கணக்கைப் பார்த்தால், ஆறு பேர் ஆட்டம்தான் கடினம், அதுதான் நீளும் என்று தோன்றும். கடிகாரத்தைப் பார்த்தால் நீளத்தான் செய்கிறது. ஆனால் ஆளுக்கு எத்தனை கேள்விகள் கேட்டு முடிக்கிறார்கள் என்று பார்த்தால் கதை வேறு. ஏனென்றால் ஆறு பேர் மேசையில் உங்கள் கேள்வியை விட மற்ற ஐந்து பேரின் கேள்விகள்தான் உங்களுக்குச் சோறு போடுகின்றன.

கேட்பவரும் காது கொடுப்பவரும்

ஒரு சுற்றைக் கற்பனை செய்துகொள்ளுங்கள். ஒருவர், “பிளம், கயிறு, நூலகம்” என்கிறார். அவருக்கு அடுத்தவர் இல்லை என்கிறார். அதற்கடுத்தவரும் இல்லை என்கிறார். மூன்றாமவர் ஒரு சீட்டைக் காட்டுகிறார். எந்தச் சீட்டு என்று உங்களுக்குத் தெரியாது. ஆனால் கயிறு உங்கள் கையில் இருக்கிறது. பிளம் சீட்டைப் போன சுற்றிலேயே வேறொருவர் உங்களிடம் காட்டிவிட்டார். அப்படியானால் மூன்றாமவர் காட்டியது நூலகமாகத்தான் இருக்க முடியும். அதோடு, முதல் இருவரிடமும் இந்த மூன்று சீட்டுகளில் ஒன்றும் இல்லை என்பதும் தெரிந்துவிட்டது. நீங்கள் வாயைத் திறக்கவே இல்லை.

ஆட்கள் கூடும்போது இப்படிப்பட்ட ‘இல்லை'கள் பெருகுகின்றன. புதிதாக ஆடுபவர்கள் காட்டப்பட்ட சீட்டை மட்டும் குறித்துக்கொள்வார்கள். பழகியவர்கள் ‘இல்லை'யையும் குறிப்பார்கள். பெட்டியோடு வரும் குறிப்புத்தாளில் சீட்டின் பெயருக்கு நேரே ஒரு டிக் போடத்தான் பலர் பழகியிருக்கிறார்கள். உண்மையில் வேண்டியது கட்டம் போட்ட தாள்: கீழ்நோக்கி 21 சீட்டுகள், பக்கவாட்டில் ஆட்டக்காரர் ஒவ்வொருவருக்கும் ஒரு பத்தி, உறைக்கு ஒரு பத்தி. மூன்று பேர் ஆட்டத்தில் 84 கட்டங்கள். ஆறு பேரில் 147. இந்த 147 கட்டங்களைப் பொறுமையாக நிரப்புபவர்தான் ஆறு பேர் மேசையில் ஜெயிப்பார்.

மூன்று பேர் ஆடும்போது நிலைமை தலைகீழ். ஒரு கேள்விக்குப் பதில் சொல்ல இருவர்தான் இருக்கிறார்கள். ஒட்டுக்கேட்கக் கிடைப்பது குறைவு. உங்கள் முறை வருவதோ சீக்கிரம். அதனால் கேள்வியை எப்படி அமைக்கிறீர்கள் என்பதில்தான் வெற்றி. உங்கள் கையிலிருக்கும் இரண்டு சீட்டுகளோடு தெரியாத ஒன்றைச் சேர்த்துக் கேட்டால் பதில் சந்தேகமில்லாமல் வரும். தெரியாத மூன்றையும் சேர்த்துக் கேட்டால் எல்லோரும் ‘இல்லை' என்று சொல்லி, ஒரே அடியில் விடை கிடைக்கவும் கூடும், ஆனால் அது பக்கத்தில் இருப்பவருக்கும் கிடைத்துவிடும். தன் சீட்டைத் தானே கேட்டு மற்றவர்களைத் திசைதிருப்பும் தந்திரமும் இங்கேதான் நன்றாக வேலை செய்கிறது.

உட்காரும் இடத்துக்கும் இதில் பங்கு உண்டு. கேள்வி எப்போதும் இடப்பக்கம் தொடங்குவதால், இடப்பக்கத்தவரின் கைச்சீட்டு உங்களுக்குச் சீக்கிரம் தெரிந்துவிடும். வலப்பக்கத்தவர் கடைசியில்தான் வாய் திறப்பார். ஆறு பேர் மேசையில் அவர் வரை கேள்வி போவதே அபூர்வம். அதனால் எல்லோரையும் விட நன்றாக ஆடுபவர் உங்கள் இடப்பக்கம் உட்கார்ந்தால் கவலைப்பட வேண்டாம். அவர் வலப்பக்கம் இருந்தால், அவர் உங்களை அறிவார். நீங்கள் அவரை அறிய மாட்டீர்கள். சில குழுக்கள் ஒரு சுற்றை இடப்பக்கமும் அடுத்த சுற்றை வலப்பக்கமும் நடத்துவது இதைச் சரிக்கட்டத்தான்.

காய்கள் இழுபடும் கதை

பலகையிலும் இந்த வித்தியாசம் தெரியும். சந்தேகத்தில் ஒரு பாத்திரத்தின் பெயரைச் சொன்னால், அந்தக் காயை அந்த அறைக்குள் இழுத்துவர வேண்டும். ஆறு பேர் ஆடினால் ஆறு காய்களுக்கும் உரிமையாளர் உண்டு. சமையலறையை நோக்கி அரும்பாடுபட்டு நகர்ந்துகொண்டிருந்த மஸ்டர்டை யாரோ ஒருவர் நூலகத்துக்கு இழுத்துவிட்டால், மஸ்டர்டாக ஆடுபவருக்கு வயிறு எரியும். இப்படி வேண்டுமென்றே இழுத்துக் கெடுப்பதும் உண்டு. மூன்று பேர் ஆட்டத்தில் மூன்று காய்கள் அநாதை. அவற்றின் பெயரைச் சொன்னால் யாருக்கும் நஷ்டமில்லை. அதனால் அங்கே வம்பு குறைவு. யோசனைக்கு இடம் அதிகம்.

ஆறு பேர் ஆட்டத்தின் பெரிய பிரச்சினை காத்திருப்பு. பகடை ஒன்று இரண்டு என்று விழுந்தால் அறையையே எட்ட முடியாமல் ஒரு சுற்று வீணாகும். பகடையை ஓரம் வைத்துவிட்டு எல்லோருக்கும் ஒரே அளவு நகர்வு என்று வைத்துக்கொண்டால் ஆட்டம் ஓடும். மூலைக்கு மூலை போகும் ரகசிய வழிகளையும் மறக்கக் கூடாது: சமையலறையிலிருந்து படிப்பறைக்கும், கண்ணாடித் தோட்ட அறையிலிருந்து ஓய்வறைக்கும் பகடை உருட்டாமலே போகலாம்.

நான்கும் ஐந்தும்: பங்கு பிரியாத பிரச்சினை

பதினெட்டை இரண்டாலும் மூன்றாலும் ஆறாலும் மீதமில்லாமல் வகுக்கலாம். நான்காலும் ஐந்தாலும் முடியாது. நான்கு பேர் ஆடினால் இருவருக்கு ஐந்து, இருவருக்கு நான்கு. ஐந்து பேர் என்றால் மூவருக்கு நான்கு, இருவருக்கு மூன்று. கூடுதல் சீட்டு வந்தவருக்கு ஆரம்பத்திலேயே ஒரு விஷயம் கூடுதலாகத் தெரியும். சின்ன விஷயம் போலத் தோன்றினாலும், சமமாக ஆடத் தெரிந்தவர்களுக்குள் இது ஒரு முழுக் கேள்விக்குச் சமம்.

இதற்குப் பல வீடுகளில் ஒரு வழக்கம் இருக்கிறது. நான்கு பேர் என்றால் இரண்டு சீட்டுகளையும், ஐந்து பேர் என்றால் மூன்று சீட்டுகளையும் எல்லோரும் பார்க்கும்படி மேசையில் திறந்து வைத்துவிடுவார்கள். நான்கு பேருக்கும் தலைக்கு நான்கு. ஐந்து பேருக்கும் தலைக்கு மூன்று. இதில் ஒரு அழகு உண்டு. நான்கு பேர் ஆட்டத்தில் கையில் நான்கு, மேசையில் இரண்டு. ஐந்து பேர் ஆட்டத்தில் கையில் மூன்று, மேசையில் மூன்று. இரண்டிலும் ஆரம்பத்தில் உங்களுக்குத் தெரிந்தவை ஆறு. மூன்று பேர் ஆட்டத்தில் கைக்கு வரும் அதே ஆறு! ஆனால் மேசையில் கிடப்பவை எல்லோருக்கும் தெரிந்தவை என்பதால் அவற்றை வைத்து யாரையும் ஏமாற்ற முடியாது.

திறந்து வைக்க மனமில்லையென்றால், குறையையே உபயோகமாக்கலாம். கூடுதல் சீட்டைக் குழந்தைக்கோ புதிதாக ஆடுபவருக்கோ கொடுங்கள். பழகியவருக்குக் குறைந்த பங்கு. யாரும் விட்டுக்கொடுத்து ஆட வேண்டிய அவசியமில்லாமல் ஆட்டம் சமநிலைக்கு வந்துவிடும்.

இருவர் மட்டும் என்றால்

இருவர் ஆடும்போது துப்பறிதல் கிட்டத்தட்ட செத்துவிடுகிறது. எதிராளி ‘இல்லை' என்றால், கேட்ட சீட்டு ஒன்று உங்களிடம் இருக்க வேண்டும், அல்லது உறையில் இருக்க வேண்டும், மூன்றாவது இடமே கிடையாது. ஒட்டுக்கேட்க ஆளில்லை. யார் முதலில் சரியான அறைக்குப் போய்ச் சேருகிறார் என்ற ஓட்டப்பந்தயம்தான் மிஞ்சும்.

அந்த மூன்றாவது இடத்தை நாமே உண்டாக்கிவிடலாம். பதினெட்டை மூன்றாகப் பிரித்து, ஆறு சீட்டுகளை மேசை நடுவில் கவிழ்த்து வையுங்கள். எதிராளி ‘இல்லை' என்று சொன்னால், கேட்டவர் நடுவிலிருந்து ஒரு சீட்டை ரகசியமாகப் பார்த்துவிட்டுத் திரும்பக் கவிழ்த்து வைக்கலாம். இனி ‘இல்லை' என்ற பதிலுக்கு ஒரே அர்த்தம் கிடையாது. அந்தச் சீட்டு உறையிலும் இருக்கலாம், நடுவிலும் இருக்கலாம்.

ஆறைத் தாண்டினால்

விருந்தாளிகள் அதிகம் வந்த வீட்டில் எட்டுப் பேர், பத்துப் பேர் என்று இருந்தால் இரண்டு இரண்டு பேராகச் சேர்த்துவிடுவதுதான் சுலபம். ஒரு ஜோடிக்கு ஒரு காய், ஒரு கைச்சீட்டு, ஒரு தாள். எட்டுப் பேர் என்றால் அது நான்கு பேர் ஆட்டம். பன்னிரண்டு பேர் வரை தாங்கும். ஒருவர் எழுத, இன்னொருவர் கவனிக்க என்று வேலையைப் பங்குபோட்டால் சரியாக இருக்கும். ஒரே ஆபத்து கிசுகிசு. “நம்மகிட்டதான் குத்துவாள் இருக்கே” என்று ஜோடியில் ஒருவர் சற்றுச் சத்தமாகச் சொல்லிவிட்டால் மேசை முழுக்க அதைக் குறித்துக்கொள்ளும்.

பெரிய கூட்டத்துக்காகவே 1988-ல் பார்க்கர் பிரதர்ஸ் 'க்ளூ மாஸ்டர் டிடெக்டிவ்' என்ற பதிப்பைக் கொண்டுவந்தது. அதில் 10 பாத்திரங்கள், 8 ஆயுதங்கள், 12 அறைகள். பத்துப் பேர் வரை ஆடலாம். வழிகள் 324-லிருந்து 960 ஆகின்றன. பிராட் முதலில் நினைத்த பத்துப் பேர் என்ற எண் இதில் திரும்பி வந்தாலும், ஆடுபவர்கள் கூடியதோடு சீட்டுகளும் கூடியதால்தான் ஆட்டம் தாங்கியது. சீட்டு கூடாமல் ஆள் மட்டும் கூடினால் கையில் ஒன்றிரண்டு சீட்டுகளோடு உட்கார்ந்திருப்பவர் சலித்துப்போவார்.

கூட்டம் பெருகும்போது இன்னொன்றும் பெருகும்: தவறு. சீட்டு கையிலிருந்தும் கவனிக்காமல் ஒருவர் ‘இல்லை' என்று சொல்லிவிட்டால், அதன் மேல் மற்றவர்கள் கட்டிய முடிவுகள் எல்லாம் சரியும். உறையில் இருப்பவை இவைதான் என்று தவறாகக் குற்றஞ்சாட்டி ஆட்டத்தை இழந்தவரும் கடைசி வரை சீட்டுக் காட்ட வேண்டும் என்ற விதி இருப்பதும் இதனால்தான். அவர் எழுந்து போய்விட்டால் அவர் கையிலிருந்தவை எல்லோருக்கும் மர்மமாகிவிடும். ‘இல்லை' என்பதற்கு முன் சீட்டை இரண்டாம் முறை பார்ப்பது என்று ஒரு வழக்கம் வைத்துக்கொள்வது எந்தக் குழுவுக்கும் நல்லது.

எத்தனை பேர் ஆடினால் சிறப்பு என்று கேட்டால், திறந்து வைத்த சீட்டுகளோடு நான்கு அல்லது ஐந்து பேர் என்பேன். கேட்கவும் முறை வரும், ஒட்டுக்கேட்கவும் ஆள் இருக்கும். அமைதியாக மூளையைக் கசக்க ஆசைப்படுபவர்கள் மூன்று பேரோடு நிறுத்திக்கொள்ளலாம். வம்பும் சிரிப்பும் வேண்டுமென்றால் ஆறு. எதுவானாலும், சீட்டைக் கலைக்கும் முன் தலைகளை எண்ணி, அதற்கேற்ற விதியை எல்லோரும் கேட்கச் சொல்லிவிடுங்கள். பாதி ஆட்டத்தில் விதியைப் பற்றிச் சண்டை வந்தால், உறைக்குள் இருக்கும் கொலையாளியை யாரும் தேட மாட்டார்கள்.