தேசிய மலரை இனங்காண்போம்

இலங்கையின் தேசிய மலராக நீலோற்பலம் 1986 ஆம் ஆண்டு பிரகடனப்படுத்தப்பட்டது. ஆனால், நூல்களிலும் சுவரொட்டிகளிலும் அம்மலரென நாம் நெடுங்காலம் கண்டுவந்த கடும் ஊதாநிறப் பூ வேறொன்று என்பது 2015 ஆம் ஆண்டிலேயே பகிரங்கமாகியது. அது அந்நிய இனத்தின் வழிவந்த கலப்பினம் என்பதைத் தாவரவியல் ஆய்வுகள் தெளிவுபடுத்தின.

நிம்பேயா நௌசாலி எனப்படும் உண்மையான நீலோற்பலம் ஆடம்பரமற்றது. அதன் இதழ்கள் குறைவு; நிறமோ வெளிர்நீலம். இரவில் மலரும் அல்லியைப் போலன்றி இது பகலில் விரியும். ஆழங்குறைந்த, சலனமற்ற நன்னீரே இதன் வாழிடம். கிழங்கு சேற்றினுள் இருக்க, காம்பிலுள்ள காற்றுக் குழாய்கள் அதற்குச் சுவாசமளிக்கின்றன. காய் நீருக்கடியில் முதிர்கிறது. வெளிப்படும் விதைகள் சிறிது தூரம் மிதந்து சென்று பின் அமிழ்ந்து முளைக்கின்றன. கோடையில் குளம் வற்றினாலும் சேற்றில் உறங்கும் கிழங்கு மாரியில் மீண்டும் துளிர்க்கும்.

வரட்சியைத் தாங்கும் இத்தாவரம், குளங்கள் நிரவப்படுவதைத் தாங்காது. அழகெனக் கருதி நாம் நட்டுப் பரப்பும் கலப்பினமும் அதன் இடத்தைக் கவர்ந்துகொள்கிறது. எனவே, குளங்களைப் பேணுவதும், நடுமுன் எது நமது மலர் என அறிந்துகொள்வதும் அவசியமாகும். பெயரைப் போற்றிக்கொண்டே மலரை இழந்தவர்கள் என்ற பழிக்கு நாம் ஆளாகலாகாது.