கணினியிற் பொதுநூலகக் கோப்புகள்

கணினியிலே கடிதம் எழுதுதற்கு ஒரு செய்நிரலும், கணக்குப் பார்த்தற்கு ஒரு செய்நிரலும், படம் வரைதற்கு மற்றொன்றும் உள. இவற்றின் தொழில் வெவ்வேறாயினும், கோப்பைத் திறத்தல், திரையிற் சாளரம் அமைத்தல், எழுத்துகளைக் காட்டுதல் முதலாய செயல்கள் யாவற்றுக்கும் பொதுவானவை. இவற்றை ஒவ்வொரு செய்நிரலும் தனித்தனி சுமத்தல் வேண்டுமா, அன்றி ஓரிடத்து வைத்து யாவும் எடுத்தாளலாமா? இவ்வினாவுக்கு விடையாக எழுந்தவையே பொதுநூலகக் கோப்புகள்.

துணைச் செய்நிரல்களைத் தொகுத்து வைக்கும் வழக்கம் பழையது. 1949ஆம் ஆண்டு கேம்பிறிட்ஜ் பல்கலைக்கழகத்தில் இயங்கத் தொடங்கிய எட்சாக் என்னும் கணினிக்கு அத்தகைய நூலகம் ஒன்று இருந்தது. வில்க்ஸ், வீலர், கில் என்னும் மூவரும் 1951இல் வெளியிட்ட நூல் அதனை விளக்குகின்றது. ஆயின், அங்கே வேண்டிய பகுதி, துளையிட்ட காகித நாடாவிலிருந்து செய்நிரலின் நாடாவிற் பிரதி செய்யப்பட்டது. நூலகம் பொது, பிரதியோ தனித்தனி. பிரதி செய்யாது, இயங்கும் வேளையிலேயே இணைத்துக்கொள்ளும் முறை 1960களில் மல்டிக்ஸ் என்னும் பணிசெயல் முறைமைக்கென வகுக்கப்பட்டது. 1985இல் வெளிவந்த விண்டோசும் இத்தகைய முறையை மேற்கொண்டது. அதன் கேர்ணல், யூசர், ஜீடிஐ என்னும் நூலகங்கள் முறையே நினைவகப் பராமரிப்பு, சாளரங்களின் ஆட்சி, வரைதல் ஆகியவற்றை ஆற்றின. 256 கிலோபைற்று நினைவகத்திலும் இயங்கவேண்டியிருந்த அம்முறைமைக்குச் சிக்கனம் இன்றியமையாததாயிற்று.

இனி, இஃது இயங்குமாறு கூறுவாம். செய்நிரலின் கோப்பிலே, வேண்டப்படும் செயலின் பெயரும் அது உள்ள நூலகத்தின் பெயருமே குறிக்கப்பட்டிருக்கும். செய்நிரல் தொடங்கும்போது பணிசெயல் முறைமை அந்நூலகத்தைத் தேடி நினைவகத்திற் பொருத்தி, அச்செயலின் முகவரியைச் செய்நிரலுக்கு அறிவிக்கும். பத்துச் செய்நிரல்கள் ஒரே நூலகத்தை வேண்டினும், அதன் கட்டளைகள் பெரும்பாலும் நினைவகத்தில் ஒருமுறையே இடம்பெறும்; ஒவ்வொன்றுக்கும் உரிய தரவுகள் மாத்திரம் வேறாக இருக்கும்.

இவ்வாறு பலர்க்கும் பொதுவாதலே இதன் பயன். இதன் இடரும் அதுவே. 1990களில் விண்டோஸ் கணினியிலே புதிய செய்நிரல் ஒன்றை நிறுவும்போது, அது தனக்கு வேண்டிய பதிப்பைப் பழைய கோப்பின்மேல் எழுதிவிடுதல் உண்டு. கோப்பின் பெயர் மாறாது, ஒழுகுமுறை மாறிவிடும். அதனை நம்பியிருந்த வேறொரு செய்நிரல் காரணம் புலப்படாமலே செயலிழக்கும். இந்நிலையை ஆங்கிலத்தில் நரகம் என்றே அழைத்தனர். விண்டோஸ் 2000 தன் முறைமைக் கோப்புகளைப் பிறர் மாற்றாவாறு காத்தது. 2001இல் வந்த விண்டோஸ் எக்ஸ்பி, ஒரே நூலகத்தின் பல பதிப்புகள் அருகருகே இருத்தற்கு வழிசெய்தது. யுனிக்ஸ் வழிவந்த முறைமைகளோ கோப்பின் பெயரிலேயே பதிப்பெண்ணைச் சேர்த்து இவ்விடரைக் குறைத்தன.

அங்ஙனமாயின் தனிப்பிரதியே நன்று எனலாமோ? 2014ஆம் ஆண்டு ஏப்பிரல் மாத நிகழ்ச்சி இதற்கு விடை தரும். இணையச் செய்திகளை மறைபொருளாக்கும் ஓப்பன்எஸ்எஸ்எல் என்னும் நூலகத்தின் ஒரு வழு அப்போது வெளிப்பட்டது. 2012இல் வெளியான பதிப்பிலேயே அது புகுந்திருந்தது. அதன் வழியாக அயலார் சேவையகத்தின் நினைவகத்தில் ஒருதடவைக்கு 64 கிலோபைற்று வரை படிக்கக்கூடியதாயிருந்தது. ஒரு நூலகத்தின் குறை எண்ணிறந்த கணினிகளின் குறையாயிற்று. ஆயினும், பொதுக்கோப்பை ஆண்ட கணினிகளில் அவ்வொரு கோப்பை மாற்றிச் செய்நிரல்களை மீளத் தொடக்கியதும் அவ்வழு நீங்கிற்று. பிரதியைத் தம்முள்ளே கொண்ட செய்நிரல்களோ ஒவ்வொன்றாகத் திருத்தப்படவேண்டியனவாயின.

ஆதலின், பொதுக்கோப்பை ஆக்குவோன் அதன் உட்பகுதியை எவ்வளவும் திருத்தலாம். தன்னை நம்பியுள்ள செய்நிரல்களுக்கு அளித்த உறுதியை மாற்றுதல் ஆகாது. அதனை ஆள்வோன் திருத்தம் வந்தவிடத்துக் காலந்தாழ்த்தாது ஏற்றல் வேண்டும். கணினி கற்கும் மாணவர் செய்நிரல் எழுதும் திறனோடு இப்பொறுப்பையும் பயிலுதல் நன்று.