அதிகாரி சொன்னார் என்று செய்த வேலைக்குப் பணம் உண்டா?

கரை உடைப்பை அடைப்பது, மதகைச் சீர்படுத்துவது, வாய்க்கால் தூர் வாருவது எனக் கிராமங்களில் சிறு அரசு வேலைகள் நடந்தவண்ணம் உள்ளன. டிராக்டர் வைத்திருக்கும் விவசாயிகளும் பாசன சங்கத்தாரும் இவற்றை எடுத்துச் செய்வது உண்டு. பாதி வேலையில், "அந்தச் சிறு பாலத்தையும் சேர்த்து முடித்துவிடுங்கள், பில்லில் போட்டுக் கொள்ளலாம்" என்று அதிகாரி சொல்வார். வேலை முடியும். அதிகாரி மாற்றலாகிப் போவார். பில் நின்றுவிடும். இத்தகைய வேலைக்குப் பணம் கேட்க உரிமை உண்டா?

வங்காளத்து வழக்கு

1944-ஆம் ஆண்டில் வங்காளத்தில் ஆராம்பாக் என்னும் ஊரில் சிவில் சப்ளை இலாகாவுக்காக பி. கே. மண்டல் அண்டு சன்ஸ் என்ற காண்டிராக்ட் நிறுவனம் தற்காலிகக் கிடங்குகளைக் கட்டியது. அதற்குப் பணம் கிடைத்தது. பிறகு அதிகாரிகள் கேட்டுக் கொண்டதன் பேரில் அலுவலகம், சமையலறை, மண் சாலை, மேலும் சில கிடங்குகள் ஆகியவற்றையும் முடித்துக் கொடுத்தது. இலாகா அவற்றை உபயோகித்துக் கொண்டது. பணம் மட்டும் வரவில்லை.

கேட்டுக் கொண்ட அதிகாரிகளுக்கு ஒப்பந்தம் செய்யும் அதிகாரம் இல்லை, சட்டம் கூறும் முறையில் ஒப்பந்தம் எழுதப்படவும் இல்லை என்பது அரசின் வாதம். இன்றும் அரசியல் சட்டத்தின் 299-வது பிரிவின்படி, மாநில அரசின் ஒப்பந்தம் கவர்னர் பெயரில், அதிகாரம் பெற்ற அலுவலரால் எழுதப்பட வேண்டும். வாய்ச் சொல் மட்டுமல்ல, அதிகாரமில்லாத ஒருவர் எழுதிய கடிதமும் ஒப்பந்தம் ஆகாது.

சுப்ரீம் கோர்ட் 1961-இல் தீர்ப்பு அளித்தது. முறையான ஒப்பந்தம் இல்லை என்பதை அது ஏற்றுக் கொண்டது. ஆயினும் 1872-ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 70-வது பிரிவைக் காட்டி, அரசு பணம் தர வேண்டும் என்றது. அந்தப் பிரிவுக்கு மூன்று நிபந்தனைகள் உண்டு. வேலை சட்டத்துக்கு உட்பட்டதாக இருக்க வேண்டும். இலவசமாகச் செய்து தரும் எண்ணம் இருந்திருக்கக் கூடாது. எதிர்த் தரப்பு அதன் பயனை அனுபவித்திருக்க வேண்டும். கட்டிக் கொடுத்ததை வேண்டாம் என்று மறுக்க அரசுக்கு வழி உண்டு. மறுக்காமல் ஏற்று அனுபவித்தால் ஈடு தர வேண்டும்.

நிறுவனம் ஜெயித்தது. ஆனால் 1944-இல் செய்த வேலைக்கு 1961-இல்தான் வழக்கு முடிந்தது. சிறு விவசாயியால் 17 ஆண்டுகள் காத்திருக்க முடியாது. ஆகவே வேலை தொடங்கும்போதே எச்சரிக்கையாக இருப்பது நல்லது.

கவனிக்க வேண்டியவை

1. ஒப்பந்தத்தில் இல்லாத கூடுதல் வேலையை, அதிகாரம் பெற்ற அலுவலரின் எழுத்து உத்தரவு வந்த பின்பே தொடங்க வேண்டும். அளவும் ரேட்டும் அதில் இருக்கின்றனவா என்று பார்க்க வேண்டும்.

2. தூர் வாரும்போது, மண் வெட்டும் முன்பே தரை மட்டத்தை அளந்து அளவுப் புத்தகத்தில் பதியச் செய்ய வேண்டும். மழை பெய்து ஏரி நிரம்பிய பின் எவ்வளவு மண் எடுக்கப்பட்டது என்று யாராலும் அளக்க இயலாது. அஸ்திவாரத்தையும் மூடுவதற்கு முன்பே அளக்க வேண்டும்.

3. அளவு குறைவாகப் பதியப்பட்டிருந்தால் பேசாமல் கையெழுத்துப் போடக் கூடாது. ஆட்சேபணையை எழுதிக் கையெழுத்திட வேண்டும். "இனி பாக்கி இல்லை" என்ற வாசகம் இறுதி பில்லில் இருந்தால் யோசித்துச் செயல்பட வேண்டும்.

4. ஆற்றில் தண்ணீர் வந்தது, சிமெண்ட் தாமதமானது, நிலத் தகராறு எழுந்தது போன்ற தடைகளை அன்றன்றே தேதியுடன் கடிதமாகத் தந்து ஒப்புதல் பெற வேண்டும். தாமதத்துக்கு அபராதம் விதிக்கப்படும்போது இக்கடிதமே துணை.

5. செய்த வேலைக்கான பணத்தைக் கோர்ட்டில் கேட்கப் பொதுவாக மூன்று ஆண்டுக் கெடு உண்டு. வழக்குப் போடுமுன் அரசுக்கு இரண்டு மாத நோட்டீசு தர வேண்டும். தகராறை மத்தியஸ்தரிடம் கொண்டு செல்ல வேண்டும் என்று ஒப்பந்தத்தில் உள்ளதா என்பதையும் முதலில் பார்க்க வேண்டும்.

ஆயக்கட்டுதாரர்களுக்கும் வழி உண்டு

பில் தகராறில் மதகு வேலை நின்றால், காண்டிராக்டரைவிடக் கடைமடை விவசாயிக்கே நஷ்டம் அதிகம். 2005-ஆம் ஆண்டு தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் எஸ்டிமேட், ஒப்பந்தம், அளவுப் புத்தகம் ஆகியவற்றின் நகல்களை அவர் கேட்டுப் பெறலாம். நடக்கும் வேலையைப் பார்வையிடவும், பொருள்களின் சான்றிட்ட மாதிரி பெறவும் அச்சட்டம் இடம் தருகிறது. வேலை ஏன் நின்றது, மீதியை யார் எப்போது முடிப்பார் என்று எழுத்து மூலம் கேட்பது, நாற்று விடுவதற்கு முன்பே செய்ய வேண்டிய காரியம்.