சீனவியல் என்றொரு படிப்பு

பாகியான், யுவான் சுவாங் என்ற இரண்டு பெயர்களைக் கேள்விப்படாமல் நம் ஊரில் யாரும் பள்ளிப்படிப்பை முடித்திருக்க மாட்டார்கள். குப்தர் காலத்துக்கு ஒருவர், ஹர்ஷர் காலத்துக்கு ஒருவர். இருவரும் எழுதியது சீனத்தில். அந்தச் சீனத்தை யார் படித்து நமக்குச் சொன்னார்கள் என்பதைப் பாடநூல் சொல்வதில்லை. பாகியானின் பயணநூலை பாரிஸில் ஆபெல் ரெமுசா என்பவர் பிரெஞ்சில் மொழிபெயர்த்தார். அவர் காலமான பிறகு 1836-ல் அது அச்சாகி வந்தது. யுவான் சுவாங்கை ரெமுசாவின் மாணவர் ஸ்தனிஸ்லாஸ் ஜூலியன் 1850-களில் பிரெஞ்சுக்குக் கொண்டுவந்தார். இந்தியத் தொல்லியல் துறையைத் தொடங்கிவைத்த அலெக்சாண்டர் கன்னிங்ஹாம் பழைய பௌத்தத் தலங்களைத் தேடி வட இந்தியா முழுக்க அலைந்தபோது யுவான் சுவாங்கின் குறிப்புகள்தான் அவருக்கு வழித்துணை.

சீனாவுக்கு வெளியே சீன மொழி, இலக்கியம், வரலாறு, சமயம் ஆகியவற்றை ஆராயும் இந்தத் துறையைச் சீனவியல் என்கிறோம். ஜப்பானியரும் கொரியரும் வியட்நாமியரும் ஆயிரம் ஆண்டுகளுக்கு மேலாகச் சீன நூல்களைப் படித்து வந்தவர்கள். அவர்களுக்கு அது அயல் படிப்பே அல்ல. சீன நூல்களைப் பற்றி ஐரோப்பாவுக்கு முதலில் விரிவாகச் சொன்னவர்கள் 16-ஆம் நூற்றாண்டின் இறுதியிலிருந்து சீனாவில் தங்கிய மத்தேயோ ரிச்சி போன்ற இயேசு சபைத் துறவிகள். ஆனால் மேலை நாட்டுப் பல்கலைக்கழக உலகில் சீனம் நிலையான இடம் பெற்றது 1814-ல், பாரிஸின் கொலேஜ் த பிரான்ஸில் அதற்கென ஒரு பேராசிரியர் பதவி உருவானபோதுதான். அதில் அமர்ந்த ரெமுசாவுக்கு வயது 26. மருத்துவம் படித்தவர். ஒரு சீன மூலிகை நூலைப் பார்த்து ஆவல் கொண்டு, ஆசிரியர் யாரும் இல்லாமல், கிடைத்த சில புத்தகங்களை வைத்துக்கொண்டு தானாகவே கற்றார். அவரும் சரி, ஜூலியனும் சரி, சீனாவை ஒருமுறைகூட நேரில் பார்த்ததில்லை.

இன்று இந்தத் துறையில் சேரும் மாணவர் செய்வதென்ன? முதலில் மாண்டரின். ஒலிப்பில் நான்கு சுரங்கள். சுரம் மாறினால் சொல்லே மாறிவிடும். பிறகு எழுத்துகள். நாளிதழை ஓரளவு தடையில்லாமல் படிக்கவே இரண்டாயிரம், மூவாயிரம் எழுத்துகள் கைவசம் வேண்டும். சீனா 1950-களில் எழுத்துகளைச் சுருக்கியது. தைவானும் ஹாங்காங்கும் பழைய வடிவத்தையே வைத்திருக்கின்றன. ஆகவே ஆய்வாளருக்கு இரண்டும் தெரிய வேண்டும். அமெரிக்க வெளியுறவுத் துறையின் பயிற்சி நிறுவனம் தன் அதிகாரிகளுக்குச் சீனம் கற்பிக்க ஏறத்தாழ 2,200 வகுப்பு மணி நேரம் ஒதுக்குகிறது. ஸ்பானிய மொழிக்கு அதில் மூன்றில் ஒரு பங்கு அளவே போதும்.

இவ்வளவும் இன்றைய சீனத்துக்கு மட்டும். கன்பூசியஸ் முதல் 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கம் வரை அறிஞர்கள் எழுதியது செவ்வியல் சீனம்; அது தனி இலக்கணமும் தனிச் சொல்வழக்கும் உடையது. பேச்சுச் சீனம் சரளமாக வந்தவரும் அதைப் புதிதாகத்தான் படிக்க வேண்டும். பழைய பிரதிகளில் நிறுத்தற்குறிகள் கிடையாது. வாக்கியம் எங்கே முடிகிறது என்பதைப் படிப்பவரே கண்டுபிடிக்க வேண்டும். ஓலைச்சுவடியில் புள்ளியும் பதப்பிரிப்பும் இல்லாத செய்யுளோடு உ.வே.சா. பட்ட பாட்டை அறிந்தவர்களுக்கு இந்தச் சிரமம் புரியும். என் பார்வையில் சீனவியலின் உயிர்நாடி இங்கேதான் இருக்கிறது. ஒரு பக்கத்தோடு ஒரு வாரம் உட்காரத் தெரியாதவருக்கு இந்தப் படிப்பில் எதுவும் கைகூடாது.

அப்படி உட்காரத் தெரிந்தவர் எவ்வளவு பெறுவார் என்பதற்கு துன்ஹுவாங் ஒரு சான்று. வடமேற்குச் சீனாவின் பாலைவன ஓரத்தில் பௌத்தக் குகைக் கோயில்கள். அவற்றில் ஒன்றில், சுவர் எழுப்பி மூடிய சிற்றறையில் சுமார் 900 ஆண்டுகள் கிடந்த பல்லாயிரம் கையெழுத்துச் சுருள்கள் 1900-ல் தற்செயலாக வெளிப்பட்டன. 1907-ல் தொல்லியலாளர் ஆரெல் ஸ்டைன் வந்தார். அவருக்குச் சீனம் படிக்கத் தெரியாது. உடன் வந்த சீனச் செயலரை நம்பி, கட்டுக்கட்டாக வாங்கிக்கொண்டு போனார். 868-ஆம் ஆண்டு என்று தேதி அச்சிட்ட வஜ்ரச்சேதிகா சூத்திரம் அவற்றில் ஒன்று. மறு ஆண்டு பிரெஞ்சுச் சீனவியலாளர் பால் பெலியோ வந்தார். வயது 29. அந்தக் குறுகிய அறைக்குள் மெழுகுவத்தி வெளிச்சத்தில் குந்தியிருந்து சுமார் மூன்று வாரம் சுருள் சுருளாகப் பிரித்துப் பார்த்து, அரியவற்றை மட்டும் பொறுக்கி எடுத்தார். எண்ணிக்கையில் ஸ்டைனுடையதைவிடக் குறைவு என்றாலும் பாரிஸ் தொகுதியின் தரத்தை அறிஞர்கள் தனித்துச் சொல்வது இதனால்தான். இரண்டையும் காவலிலிருந்த துறவியிடம் சொற்பக் காசு கொடுத்தே கொண்டுபோனார்கள். சீனர்களுக்கு அது இன்றும் ஆறாத மனக்குறை. அந்த மனக்குறை நியாயமானது. பெலியோவின் புலமையைப் போற்றும்போது அதை மறந்துவிடக் கூடாது.

இன்னொரு நியாயமும் செய்ய வேண்டியிருக்கிறது. ஆக்ஸ்ஃபோர்டின் முதல் சீனப் பேராசிரியராக 1876-ல் அமர்ந்த ஜேம்ஸ் லெக், கன்பூசிய மூலநூல்களை ஆங்கிலத்துக்குக் கொண்டுவந்தவர் என்று புகழப்படுகிறார். அந்தப் பணியில் அவருக்குத் தோள் கொடுத்த வாங் தாவ் என்ற சீன அறிஞரின் பெயர் அவ்வளவாக வெளியே வருவதில்லை. நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் சீனத் துறை தோன்றிய கதை இன்னும் நெகிழ்ச்சியானது. ஒரு செல்வந்தர் வீட்டில் பணியாளாக இருந்த டீன் லுங் என்ற சீனர், 1901-ல் தன் சேமிப்பு 12,000 டாலரை அப்படியே அங்கே சீனப் படிப்புக்காகக் கொடுத்தார். சீனத் தொழிலாளர்கள் நாட்டுக்குள் வரவே சட்டத்தால் தடை இருந்த காலம் அது. முதலாளியும் பெருந்தொகை சேர்த்தார். அந்தப் பணியாளின் பெயரில் அமைந்த பேராசிரியர் பதவி இன்றும் இருக்கிறது.

அதில் முதலில் அமர்ந்தவர் ஃபிரெடரிக் ஹிர்த் என்ற ஜெர்மானியர். அவர் வழியாக இந்தக் கதை தமிழகத்துக்கும் வருகிறது. சீனாவின் சுவான்சோ துறைமுகத்தில் கடல் வணிகத்தை மேற்பார்த்த ஜாவ் ருகுவா என்ற அதிகாரி, அங்கு வந்த வணிகர்களிடம் கேட்டறிந்து 1225-ல் அயல்நாடுகளைப் பற்றி ஒரு நூல் எழுதினார். சோழ நாட்டுக்கும் அதில் ஓர் இடம் உண்டு. ஹிர்த்தும் ராக்ஹில் என்ற அமெரிக்கத் தூதரும் சேர்ந்து செய்த அதன் ஆங்கில மொழிபெயர்ப்பு 1911-ல் வெளிவந்தது. தென்னிந்தியா பற்றி அயல்நாட்டார் எழுதிய குறிப்புகளை நீலகண்ட சாஸ்திரி 1939-ல் தொகுத்தபோது, சீனப் பகுதிகளுக்கு இத்தகைய மொழிபெயர்ப்புகள்தாம் கைகொடுத்தன.

இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு துறையின் முகம் மாறியது. சீனாவில் 1949-ல் கம்யூனிஸ்ட் ஆட்சி வந்தது. எதிரியை அறிய வேண்டும் என்று அமெரிக்க அரசு பணத்தைக் கொட்டியது. சோவியத் செயற்கைக்கோள் ஸ்புட்னிக் தந்த அதிர்ச்சிக்குப் பின் 1958-ல் வந்த தேசியப் பாதுகாப்புக் கல்விச் சட்டம் சீனம் கற்போருக்கு உதவித்தொகை தந்தது. ஹார்வர்டில் வரலாற்றாசிரியர் ஃபேர்பேங்க் வளர்த்த தலைமுறை பழைய கவிதையை விட்டு அண்மைக்கால வரலாறு, அரசியல், பொருளாதாரத்தின் பக்கம் திரும்பியது. சீனாவுக்குள் நுழைய முடியாததால், அவர்களில் பலர் ஹாங்காங்கில் தங்கி, தப்பி வந்தவர்களிடம் கேட்டுக் கேட்டு எழுதினார்கள்.

பின்னாளில் பணம் எதிர்ப்பக்கத்திலிருந்து வந்தது. 2004-ல் சியோலில் தொடங்கி உலகெங்கும் பரவிய, சீன மொழி கற்பிக்கும் கன்பூசியஸ் நிலையங்களுக்குப் பணத்தையும் ஆசிரியர்களையும் சீனாவே அனுப்பியது. செலவில்லாமல் சீன வகுப்பு கிடைக்கிறதே என்று பல பல்கலைக்கழகங்கள் வரவேற்றன. திபெத், தைவான், தியானன்மென் பற்றி அங்கே பேச்சு எழாது என்ற குறை மெல்ல வலுத்தது. சிகாகோ பல்கலைக்கழகம் 2014-ல் விலகியது. அமெரிக்காவில் நூறு அளவுக்கு இருந்தவற்றில் இன்று விரல்விட்டு எண்ணத்தக்கவையே மிச்சம். மொழி வகுப்பு நடத்த அயல்நாட்டுப் பணத்தை ஏற்பதில் பெரிய தவறில்லை. எதைப் படிப்பது, எதைப் பேசுவது என்பதையும் சேர்த்து ஒப்படைத்தால் பல்கலைக்கழகத்துக்கு அங்கே வேலையில்லை.

இந்தியாவில் சீனப் படிப்புக்கு ஒரு நல்ல தொடக்கம் இருந்தது. தாகூர் 1927-ல் சிங்கப்பூரில் சந்தித்த இளம் அறிஞர் தான் யுன்-ஷான் மறு ஆண்டு சாந்திநிகேதனுக்கு வந்து சேர்ந்தார். சீனாவிலிருந்து நூல்களும் நிதியும் திரட்டினார். 1937 ஏப்ரல் 14 அன்று அங்கே சீனப் படிப்புக்கான சீன பவன் திறக்கப்பட்டது. மூலத்தை இழந்து சீன மொழிபெயர்ப்பில் மட்டும் பிழைத்திருக்கும் வடமொழிப் பௌத்த நூல்களை மீட்பது அதன் கனவுகளில் ஒன்று. 1962 போர் அந்த நட்புச் சூழலை உடைத்தது. 1964-ல் தில்லிப் பல்கலைக்கழகத்தில் சீன ஆய்வு தொடங்கியபோது எல்லையும் படையும்தான் எல்லோர் மனத்திலும் இருந்தன. இன்று தில்லிப் பல்கலைக்கழகம், ஜவாஹர்லால் நேரு பல்கலைக்கழகம், சாந்திநிகேதன், வாராணசி என்று சில இடங்களில் சீனம் கற்கலாம். மொழிபெயர்ப்பாளர் வேலை, ஏற்றுமதி நிறுவன வேலை என்று பிழைப்புக்கு வழி உண்டு. செவ்வியல் சீனத்துக்கு அப்படி ஒரு வழி இல்லை.

அந்த வழியைத் திறக்கத் தமிழ்நாட்டுப் பல்கலைக்கழகம் ஒன்று, இரண்டு மாணவர்களைத் தேர்ந்தெடுத்து, எட்டு ஆண்டு உதவித்தொகை கொடுத்து, தைபேயிலோ சுவான்சோவிலோ படிக்க அனுப்பலாம். சுவான்சோவில் 1281-ஆம் ஆண்டின் தமிழ்க் கல்வெட்டு ஒன்று கிடைத்திருக்கிறது. சோழர் தூதுகளைப் பற்றிய குறிப்புகள் சோங் வம்ச ஆவணங்களில் இருக்கின்றன. கல்வெட்டுத் தமிழும் செவ்வியல் சீனமும் ஒருசேரப் படித்தவர் எடுத்துப் பார்க்க வேண்டிய பக்கங்கள் அவை. ஒரு கட்டடம் கட்டும் செலவில் சிறு பகுதிகூட இதற்கு ஆகாது.