தலைக்கு ஒரு லட்சம் ரூபாய்!

தந்தையின் கத்திரியைக் கையில் எடுத்த சிறுவனின் கதை

புதுக்கோட்டையை அடுத்த நார்த்தாமலையில் பங்குனித் திருவிழா என்றால் கூட்டத்துக்குக் கேட்கவேண்டுமா? முத்துமாரியம்மனுக்கு நேர்ந்துகொண்டவர்கள் கைக்குழந்தைகளோடு வந்து முடி இறக்குகிறார்கள். குழந்தை திமிறும், வீறிட்டு அழும். ஒரு கீறல்கூட விழாமல் மழிக்க வேண்டும். அது லேசான வித்தையா?

2021-ல் தமிழக அரசு, அறநிலையத் துறைக் கோயில்களில் முடி இறக்கக் கட்டணம் இல்லை என்று அறிவித்தது. அந்தத் தொழிலாளருக்கு மாதம் 5,000 ரூபாய் ஊக்கத்தொகை என்றும் அறிவித்தது.

இதே தொழில் செய்யும் ஒருவர் மும்பையில் இருக்கிறார். ஒரு தலைக்கு அவர் வாங்குவது, குறைந்தது ஒரு லட்சம் ரூபாய்! 2024-ல் பேட்டி ஒன்றில் அவரே சொன்ன கணக்கு இது. இருபது மாத ஊக்கத்தொகை, ஒரே தலையில்!

அவர் பெயர் ஆலிம் ஹக்கீம்.

ஒன்பது வயதில் இடி

ஆலிமின் தந்தை ஹக்கீம் கைரான்வியும் முடி திருத்துபவர்தான். திலீப் குமார், அமிதாப் பச்சன் போன்ற நட்சத்திரங்களின் தலை அவர் கைக்குப் பழக்கம். ஆனால் ஆலிமுக்கு ஒன்பது வயதானபோது தந்தை காலமானார். பெரிய நடிகர்களுக்கு வேண்டியவர் வீடுதான்; ஆனாலும் சம்பாதித்த கை போய்விட்டதே! மகன் வேறு உத்தியோகம் தேடவில்லை. இளம் வயதிலேயே தந்தையின் தொழிலில் இறங்கினார்.

இன்று அவரிடம் தலையைக் கொடுப்பவர்கள் யார் யார்? "ஜெயிலர்" படத்தின் ரஜினிகாந்த், "அனிமல்" படத்தின் ரண்பீர் கபூர், கிரிக்கெட் வீரர் விராட் கோலி. 2023-ல் தோனி மறுபடி நீளமுடியோடு தோன்றினாரே, அதுவும் இவர் கைவண்ணமே. 2006-ல் லாகூரில், அந்த முடியை வெட்டாதே என்று பாகிஸ்தான் அதிபர் முஷாரப்பே தோனியிடம் சொன்னது பலருக்கு நினைவிருக்கும்!

சினிமாவுக்கு முடி வெட்டுவது தனிக் கலை. வட்ட முகமானால் உச்சியில் உயரம் வைத்துப் பக்கங்களைக் குறைக்க வேண்டும். நீண்ட முகத்துக்கு நேர் எதிர். கதவைத் திறக்கும் காட்சி இன்று எடுக்கப்படும். உள்ளே நுழையும் காட்சி மூன்று மாதம் கழித்து எடுக்கப்படும். அதுவரை முடி வளராமலா இருக்கும்? படத்திலோ ஒரே நொடி! இரண்டிலும் தலை ஒன்றுபோல் இருக்க வேண்டும்.

திண்ணைக்குக் கீழே

நம் கிராமங்களில் இந்தத் தொழிலாளியின் நிலை என்னவாக இருந்தது? வாசலில் உட்கார்ந்து சவரம் செய்வார். திண்ணையில் ஏற முடியாது. கூலி, அறுவடையின்போது களத்தில் அளந்து போடும் நெல். நாட்டு வைத்தியம் பார்த்ததும் அவரே. வீட்டுப் பெண்கள் பிரசவம் பார்த்தார்கள். ஊரார் உயிரைக் காத்த குடும்பத்துக்கு ஊரார் கொடுத்த இடம், வாசல்!

மும்பையில் மரியாதை, கிராமத்தில் இளப்பம். தொழில் ஒன்றுதான், கத்திரியும் ஒன்றுதான். தந்தை முடி திருத்துபவர் என்று பள்ளியில் சொல்லக் கூசும் பிள்ளைகள் இன்னமும் இருக்கிறார்கள். வெட்கப்பட வேண்டியது அந்தப் பிள்ளைகளா?

இப்போது கீரனூர் பக்கத்துப் பையன்களும் கடைக்குக் கைபேசியோடுதான் வருகிறார்கள். தோனி படத்தைக் காட்டி, "அண்ணே, இதே மாதிரி" என்கிறார்கள். அண்ணனும் படத்தை ஒருமுறை பார்க்கிறார். பையனின் முகத்தை ஒருமுறை பார்க்கிறார். "உனக்கு இது எடுக்காதுடா தம்பி, பக்கத்தைக் குறைச்சு விடறேன்" என்று சொல்லிவிட்டுச் சீப்பை எடுக்கிறார்.