எலும்பும் எஞ்சாத பேருடற் பல்லி

மலையை வளைத்துக் கிடக்கும் பாம்புகளையும், வானளாவ எழும் முதலைகளையும் பழங்கதைகளிலே நாம் கண்டிருக்கிறோம். அவை கற்பனை என்பதை அறிந்தே அவற்றைச் சுவைக்கிறோம். ஆயின், மெய்யாகவே மண்மீது நடந்து திரிந்த ஒரு பெருவிலங்கு, தன் எலும்புகளை இழந்தமையால் கற்பனை விலங்கோ என ஐயுறப்படும் நிலையை எய்தியது. அதன் வரலாற்றை மாணவர்க்கு எடுத்துரைப்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

தமிழகத்தின் அரியலூரைச் சார்ந்த பகுதியிலே கல்லமேடு என்னும் ஊர் உளது. அங்குள்ள பாறைகள் ஏறத்தாழ 7 கோடி ஆண்டுகளுக்கு முன்னர்ப் படிந்தவை. அப்படிவுகளிற் கிடைத்த சில எலும்புகளை ஆராய்ந்து, யாதகிரி, அய்யாசாமி என்னும் நிலவியலறிஞர் இருவர் 1987ஆம் ஆண்டில் ஒரு புதிய விலங்கினை உலகுக்கு அறிவித்தனர். அவர் அதற்கு இட்ட பெயர் பிருகத்காயோசோரஸ் மத்லேயி என்பது. 'பிருகத்' என்பது பெரியது. தஞ்சைப் பிருகதீசுவரர் பெயரிலும் அச்சொல்லே நிற்கின்றது. 'காயம்' என்பது உடல். 'சோரஸ்' என்பது பல்லியைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லின் வழி வந்தது. ஆகவே, 'பேருடற் பல்லி' என்பதே பெயரின் பொருளாம். ஈற்றிலுள்ள மத்லேயி என்பது, அப்பகுதித் தைனோசர்களை முன்னரே ஆராய்ந்த மத்லி என்னும் அறிஞரை நினைவூட்டுவது.

பெயர் பொருத்தமானதே. அதன் முழந்தாளுக்குக் கீழுள்ள கால் எலும்பு மட்டும் 2 மீற்றர் நீளமுடையதென எழுதப்பட்டது. நெட்டையான மனிதன் ஒருவனை அதனருகே நிறுத்தினும் எலும்பே உயர்ந்து நிற்கும். முதலில் இதனை ஊனுண்ணும் விலங்கென வகுத்தனர். பின்னர், 1990களிற் சங்கர் சட்டர்ஜி முதலியோர், இது நீண்ட கழுத்தும் நீண்ட வாலும் தூண்போன்ற நான்கு கால்களும் கொண்ட இலையுண்ணி எனக் கொண்டனர். அக்கருத்தே இன்று நிலவுகின்றது.

இவ்விலங்கு எவ்வாறு வாழ்ந்ததென அறிய, அதன் இனத்தவற்றை நோக்குதல் வேண்டும். மராட்டிய நாட்டிலே பிசுதுரா என்னுமிடத்திற் கிடைத்த, கல்லாகிய சாணத்தை ஆராய்ந்தோர், இவ்வினத்தவை மரஞ்செடிகளின் இலையோடு புல்லும் உண்டன என்பதை 2005இல் வெளியிட்டனர். நருமதைப் பள்ளத்தாக்கிலே 92 கூடுகளும் 256 முட்டைகளும் காணப்பட்ட செய்தி 2023இல் வெளிவந்தது. அம்முட்டைகளின் குறுக்களவு 15 முதல் 17 சென்ரிமீற்றர் வரையே. அத்துணைச் சிறு முட்டையிலிருந்து வெளிப்போந்த குஞ்சு மலைபோல் வளர்ந்தது என்பது வியப்பன்றோ! அக்காலத்தில் இந்திய நிலப்பரப்பு ஒரு பெருந்தீவாய்க் கடலிடையே வடக்கு நோக்கி நகர்ந்துகொண்டிருந்தது. எமது இலங்கை நிலமும் அதனோடு சேர்ந்தே சென்றது.

இனி, வருந்தத்தக்க பகுதிக்கு வருவோம். கல்லமேட்டு எலும்புகள் எளிதிற் பொடியும் தன்மையன. களிமண்ணிலே பருவமழையில் நனைந்தும் கோடையிற் காய்ந்தும் வெடித்திருந்த அவை, அகழ்ந்தெடுக்கப்பட்ட பின் காப்பிடம் சேருமுன்னரே நொறுங்கி அழிந்தன. இவ்வுண்மை 2017இல் எழுத்தில் வெளியாயிற்று. கையிலிருந்தவை சில கோட்டுப் படங்களும் அளவுகளுமே. அவற்றை நம்பாதோர், "எலும்பன்று, கல்லாகிய மரமாயிருக்கலாம்" என்றனர். அவ்வையம் முற்றும் தவறென்று கூறுதற்கில்லை. அயலேயுள்ள சாத்தனூரிலே 18 மீற்றர் நீளமான கல்மரம் ஒன்று இன்றும் கிடக்கின்றது. கண்டவர் மெய்யே கூறினும், காட்டுதற்குப் பொருளில்லையேல் கேட்பவர் ஐயுறுவது இயல்பே.

அந்நிலையில் உதவியவை பழைய நிழற்படங்கள். அகழ்ந்த காலத்தில் எடுக்கப்பட்டவற்றுட் சில 2022இல் வெளியிடப்பட்டன. அவற்றைக் கண்டபின் எலும்பென்னும் கொள்கை வலுப்பெற்றது. 2023இல் இருவர், அவ்விலங்கின் எடை ஏறத்தாழ 110 முதல் 130 தொன் வரை இருக்கலாமெனக் கணித்தனர். அக்கணக்கு மெய்யாயின், நிலத்தில் நடந்த உயிர்களுள் இதனை மிஞ்சியது பிறிதொன்று அறியப்படவில்லை. எனினும், எலும்பை மீண்டும் அளந்து பார்க்க எவராலும் இயலாது.

தமிழ் கற்பிக்கும் எமக்கு இவ்வரலாறு அயலானதன்று. சிறுப்பிட்டி தந்த சி. வை. தாமோதரம்பிள்ளை அவர்கள் செல்லரித்த ஏடுகளைத் தேடியெடுத்து, 1887இற் கலித்தொகையை அச்சேற்றினார். ஏடு அழியினும் படி நின்றமையால் நூல் நின்றது. படியெடுக்கப்படாத நூல்களோ, பெயரளவில் நின்றன. பெயரும் இன்றி ஒழிந்தன. எத்துணைப் பெரிய பொருளாயினும் தன் பருமையால் மட்டும் நிலைபெறுவதில்லை; அதனைக் குறித்து வைப்பாரின் கையாலேயே நிலைபெறுகின்றது.

மாணவர்காள்! கண்டதை அன்றே அளந்து எழுதுமின். படமெடுத்து, நாளும் இடமும் குறித்து வைம்மின். பழைய மாணவர்களே! உங்கள் வீட்டுப் பெட்டிகளிற் கிடக்கும் கல்லூரிப் படங்களையும் கடிதங்களையும் படியெடுத்துத் தாருங்கள். இவ்விழா மலரும் அத்தகைய ஒரு படியே. நாளை ஒருவன் ஐயுற்று வினவும்போது, காட்டுதற்கு நம் கையிலே ஏதேனும் இருத்தல் வேண்டும்.