மேல் இலையை வீசாதே, மகளே!

1984-ம் வருஷம். என் கணவரின் மேல்படிப்புக்காக லெனின்கிராடில் இருந்தோம். (1991-ல் அந்த ஊருக்கு மறுபடியும் செயின்ட் பீட்டர்ஸ்பர்க் என்ற பழைய பெயரே வந்துவிட்டது.) கைக்குழந்தைக்கு மூன்று மாதம். வெளியே கொட்டும் பனி. வீட்டுக்குள் நானும் குழந்தையும்தான். ஊரிலிருந்து கொண்டுபோன புளி தீர்ந்ததும் எனக்குச் சாப்பாடே இறங்கவில்லை. கண்ணாடியில் பார்த்தால் எனக்கே பயமாக இருந்தது.

எதிர் வீட்டுப் பாட்டி ஒருநாள் பாத்திரம் நிறையச் சூப்போடு வந்து நின்றார். 'பாபுஷ்கா' என்றுதான் கூப்பிடுவேன். பாட்டி என்று அர்த்தம். கொண்டு வந்தது 'ஷ்சீ' என்ற முட்டைகோஸ் சூப். ஏழை, பணக்காரர் எல்லார் வீட்டு அடுப்பிலும் கொதிப்பது. பீட்ரூட் போட்டுச் சிவப்பாக இருக்குமே, அது போர்ஷ், இது வேறு. ஒரு வாய் வைத்தேன். நம் ரசம் மாதிரி இதமான புளிப்பு! இரண்டு கிண்ணம் காலியாயிற்று.

மறு வாரம் நானே செய்யத் துணிந்தேன். அவர்கள் குளிர்காலத்துக்கென்று உப்பிட்டுப் புளிக்க வைக்கும் கோஸை முதலிலேயே போட்டுவிட்டேன். எவ்வளவு கொதித்தும் உருளைக்கிழங்கு வேகுவேனா என்றது! பாபுஷ்கா ருசி பார்த்துச் சிரித்தார். "புளிப்பை முன்னாடியே போட்டா கிழங்கு எப்படி வேகும்?" காய் வெந்த பிறகுதான் புளி கரைத்து விடணும் என்று அம்மா சொன்ன சாம்பார் பாடம்தானே இது! எனக்கு வெட்கமாகப் போய்விட்டது.

அப்போதுதான் குப்பைக் கூடையில் நான் போட்டிருந்த முட்டைகோஸின் பச்சை மேல் இலைகளைப் பார்த்தார். சிரிப்பு நின்றது. ஒவ்வொன்றாய் எடுத்துக் கழுவினார்.

"மேல் இலையை வீசாதே, மகளே!"

1941 செப்டம்பரில் ஜெர்மன் படை அந்த ஊரை முற்றுகையிட்டது. 872 நாள் முற்றுகை. அந்த முதல் வருஷம், அறுவடையான வயல்களில் கிடந்த இந்த இலைகளைப் பொறுக்கி வந்துதான் சூப் வைத்தார்களாம். 1942 கோடையில் செயின்ட் ஐசக் தேவாலயத்து முன் சதுக்கத்திலேயே முட்டைகோஸ் பயிரிட்டார்கள்.

"அப்ப என் கையிலும் ஒரு குழந்தை இருந்துது" என்றார். மேலே கேட்க எனக்கு வாய் வரவில்லை.

அவர் கற்றுக்கொடுத்த ஷ்சீ இதோ.

தேவையானவை (5 பேருக்கு): எலும்போடு மாட்டிறைச்சி முக்கால் கிலோ, முட்டைகோஸ் அரை கிலோ, உருளைக்கிழங்கு 3, வெங்காயம் 2, காரட் 1, தக்காளி 2, பூண்டு 3 பல், பிரிஞ்சி இலை 2, மிளகு 8, எண்ணெய், உப்பு.

செய்முறை: இறைச்சியை இரண்டரை லிட்டர் தண்ணீரில் போட்டுக் கொதி வந்ததும் நுரையை எடுத்துவிடவும். பிறகு சிறு தீயில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் வேகட்டும். அவசரப்பட்டால் கறி ரப்பர்தான்! வெந்த கறியைத் துண்டுகளாக்கி மறுபடி போடவும். உருளைக்கிழங்கு, நறுக்கிய கோஸ், உப்பு சேர்க்கவும். கிழங்கு வெந்த பிறகு, எண்ணெயில் வதக்கிய வெங்காயம், காரட், தக்காளியைச் சேர்க்கவும். மிளகு, பிரிஞ்சி இலை போட்டுப் பத்து நிமிஷம் கொதித்ததும், பூண்டைத் தட்டிப் போட்டு இறக்கி மூடிவையுங்கள்.

கிண்ணத்தில் ஊற்றியபின் ஒரு கரண்டி கெட்டித் தயிர். அடுப்பில் இருக்கும்போது விட்டால் திரிந்துவிடும். அவர்கள் சதகுப்பைக் கீரை தூவுவார்கள். நான் கொத்துமல்லி தூவுகிறேன். மறுநாள் சுடவைத்தால் ருசி இன்னும் கூடும்.

மாட்டிறைச்சி சேர்க்காதவர்களுக்குக் காளான் போதும். ரஷ்யர்களும் விரத நாட்களில் அப்படித்தான் செய்வார்கள்.

அந்தக் கைக்குழந்தைக்கு இப்போது நாற்பது வயது தாண்டிவிட்டது. போன மாதம் எங்கள் வீட்டில் கோஸ் நறுக்கியவள், மேல் இலைகளை ஒதுக்கினாள். பூச்சி அரித்ததை மட்டும் நீக்கி, மற்றதை உப்புத் தண்ணீரில் அலசிப் பொடியாக நறுக்கி நானே போட்டேன்.

"ஏம்மா, இதைப் போயா?" என்றாள்.

உட்கார வைத்து பாபுஷ்கா கதையைச் சொன்னேன்.